முப்பது இலட்சம் ரூபா வீடும் நான் கூட்டிப் பார்க்காத கணக்கும்

நான் ஒரு பலநோக்குக் கூட்டுறவுச் சங்கத்தில் கணக்கு எழுதுகிறவள். சீனி, மா, மண்ணெண்ணெய் என்று கிளைக்கடைகளின் இருப்பையும் விற்பனையையும் சரிபார்ப்பது என் வேலை. ஐந்து ரூபா வித்தியாசம் வந்தாலும் அதைக் கண்டுபிடிக்காமல் நான் கந்தோரை விட்டு எழுந்ததில்லை. இப்படிப்பட்ட நான் எங்கள் சொந்த வீட்டுக் கடனின் கணக்கை ஐந்து வருடமாக ஒரு தடவைகூடக் கூட்டிப் பார்க்கவில்லை. சொல்ல வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனாலும் வீடு கட்டக் கடன் எடுக்கும் எண்ணத்தோடு இருக்கும் சகோதரிகள் எவருக்காவது இது உதவும் என்பதால் எழுதுகிறேன்.

எங்கள் ஊர் தென்மராட்சியில் இருக்கிறது. 2000ஆம் ஆண்டுச் சண்டையில் தென்மராட்சியே இடம்பெயர்ந்தபோது நாங்களும் வெளிக்கிட்டோம். திரும்பி வந்தபோது அம்மாவின் கல்வீட்டில் மிஞ்சியிருந்தது அத்திவாரமும் கிணறும் மட்டும்தான். அந்த நாலு பரப்புக் காணியைத்தான் அம்மா எனக்குச் சீதனமாக எழுதித் தந்தார். கலியாணம் முடித்துப் பல வருடம் தகரக் கொட்டிலிலும் வாடகை வீட்டிலுமாக இருந்துவிட்டு, 2017இல் நானும் கணவரும் வீடு கட்டத் துணிந்தோம். அவர் தனியார் கம்பனி ஒன்றில் விற்பனைப் பிரிவில் வேலை செய்கிறார். மூன்று அறை, ஒரு விறாந்தை, குசினி. கையில் இருந்ததைப் போட்டு மிச்சத்துக்கு ஒரு வங்கியில் முப்பது இலட்சம் ரூபா கடன் கேட்டோம். காணி உறுதியை ஈடாக வைக்க வேண்டும் என்றார்கள்.

அம்மாவிடம் பெட்டியில் இருந்த உறுதியைக் கேட்டபோது அவர் கேட்ட கேள்வி இதுதான்: "பிள்ளை, உறுதியை பாங்கிலை வைக்கிறது சரி. மீட்கிறதுக்கு எவ்வளவு வேணும்?"

"மாதம் முப்பத்தேழாயிரம் அம்மா" என்றேன்.

"அது மாதக் கணக்கு. நான் கேட்டது முழுக் கணக்கு."

அப்போது எனக்கு எரிச்சல்தான் வந்தது. அம்மா ஐந்தாம் வகுப்போடு நின்றவர். அவர் கேட்ட கேள்வியை வங்கியிலும் யாரும் எங்களுக்குச் சொல்லவில்லை, நாங்களும் கேட்கவில்லை.

கையெழுத்து வைத்த நாள்

வட்டி 14 வீதம். முதல் ஐந்து வருடத்துக்கு அது மாறாது. அதன்பின் சந்தை வட்டிக்கு ஏற்ப ஆறு மாதத்துக்கு ஒருமுறை மீளாய்வு. காலம் இருபது வருடம். மாதத் தவணை 37,306 ரூபா. எங்கள் இருவரின் சம்பளத்தையும் கூட்டி, அரிசி, பிள்ளைகளின் ரியூசன், மோட்டார் சைக்கிள் பெற்றோல் எல்லாம் கழித்துப் பார்த்தோம். இறுக்கம்தான், ஆனால் கட்டலாம். அதோடு கணக்கை மூடிவிட்டோம். "மாதம் கட்ட முடியுமா?" என்ற ஒரு கேள்வியை வைத்துத்தான் நம்மில் பெரும்பாலானோர் கடன் எடுக்கிறோம். வங்கியும் அந்தக் கேள்வியைத்தான் நம்மிடம் கேட்கிறது.

தவணைக்கு வெளியே போன பணம் தனி. காணியை மதிப்பிட வந்தவருக்குக் கட்டணம், காணிப் பதிவகத்தில் தேடுதல் செய்யவும் ஈட்டு உறுதி எழுதவும் சட்டத்தரணிக்குக் கட்டணம், தீ அனர்த்தக் காப்புறுதி, கணவரின் பெயரில் ஆயுட்காப்புறுதி. இவற்றில் பலதைக் கடன் பணத்திலேயே கழித்துக்கொண்டார்கள். அதாவது சட்டத்தரணிக்குக் கொடுத்த பணத்துக்கும் இருபது வருட வட்டி. காசும் ஒரேயடியாகக் கைக்கு வரவில்லை. அத்திவாரத்துக்கு ஒரு பகுதி, கூரை மட்டத்துக்கு ஒரு பகுதி என்று வந்து பார்த்துப் பார்த்துத்தான் தந்தார்கள். மேசன் ஒரு மாதம் பிந்தினால், எடுத்த பகுதிக்கு அந்த மாத வட்டியும் வாடகை வீட்டுக் காசும் இரண்டும் எங்கள் தலையில்.

இன்னொன்றும் நடந்தது. காணி என் பெயரில், என் தாய் தந்தது. ஆனால் தேசவழமைக்கு உட்பட்ட மணமான பெண், தன் அசையாச் சொத்தை ஈடு வைப்பதற்குக் கணவனின் எழுத்துமூலச் சம்மதம் வேண்டும். 1911ஆம் ஆண்டுக் கட்டளைச் சட்டம் அப்படிச் சொல்கிறது. என் கணவர் ஒரு வார்த்தை சொல்லாமல் கையெழுத்து வைத்தார் என்பது வேறு விடயம். என் காணியை ஈடு வைக்க அவரின் சம்மதம் வேண்டும், ஆனால் கடன் தவறினால் ஏலத்தில் போவது என் காணி. சட்டத்தரணியின் கந்தோரில் இருந்து அதை யோசித்தபடி கையெழுத்து வைத்தது இப்போதும் ஞாபகம்.

2022 ஆவணி

அறுபது தவணையும் ஒரு நாள் பிந்தாமல் கட்டினோம். 2020இல் கொரோனாவுக்குத் தவணை ஒத்திவைப்புக் கொடுத்தார்கள். கணவரின் சம்பளம் நிற்காததால் நாங்கள் எடுக்கவில்லை. எடுத்த தோழி ஒருத்தி, "ஆறு மாதம் காசு கட்டத் தேவையில்லை எண்டு சந்தோசப்பட்டன். வட்டி மட்டும் நிக்கேல்லை" என்று பிறகு சொன்னாள்.

ஐந்து வருடம் முடிந்தபோது நாடு எப்படி இருந்தது என்று உங்களுக்குத் தெரியும். மண்ணெண்ணெய் வரிசை, மின்வெட்டு, பால்மா இல்லை. அந்த வருடம் ஏப்ரலில் மத்திய வங்கி தன் கொள்கை வட்டி வீதங்களை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளிகளால் உயர்த்தியிருந்தது. பத்திரிகையில் அதைப் படித்தபோது அது பெரிய வியாபாரிகளுக்கான செய்தி என்று நினைத்துப் பக்கத்தைப் புரட்டினேன். ஆவணியில் வங்கியிலிருந்து கடிதம் வந்தது. எங்கள் நிலையான வட்டிக் காலம் முடிந்துவிட்டதாகவும், இனி வட்டி 24 வீதம் என்றும், புதிய தவணை 57,658 ரூபா என்றும் எழுதியிருந்தது.

கணவர் கடிதத்தை இரண்டு தரம் வாசித்துவிட்டு மேசையில் வைத்தார். "இருபதாயிரம் கூட. எங்கையிருந்து?" என்றார். அவரின் கம்பனியில் அந்த மாதம் அரைச் சம்பளம்.

மறுநாள் வங்கிக்குப் போய் எங்கள் கடன் கணக்கறிக்கையைக் கேட்டு வாங்கினேன். அன்றிரவு மின்சாரம் இல்லை. குப்பி விளக்கைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு, சங்கத்தில் பேரேட்டைப் பார்ப்பதுபோல வரி வரியாகப் பார்த்தேன். ஐந்து வருடத்தில் நாங்கள் கட்டியது 22 இலட்சத்து 38 ஆயிரத்து 360 ரூபா. கடனில் மீதி 28 இலட்சத்து ஓராயிரத்துச் சொச்சம். திரும்பவும் பார்த்தேன். இருபத்திரண்டு இலட்சத்துக்கு மேல் கட்டியிருக்கிறோம், முதலில் குறைந்தது இரண்டு இலட்சம்கூட இல்லை.

முதலில் வங்கி பிழை விட்டுவிட்டது என்றுதான் நினைத்தேன். விடிய நாலு மணிவரை பிழை தேடினேன். பிழை இல்லை. வட்டி என்பது அப்படித்தான் வேலை செய்கிறது. அதை இங்கே விளக்கிச் சொல்கிறேன். கணக்குக்குப் பயந்து இந்தப் பந்தியைத் தாண்டிவிட வேண்டாம். இதில் பெருக்கலும் கழித்தலும் தவிர வேறொன்றும் இல்லை.

முப்பது இலட்சத்துக்கு வருடம் 14 வீதம் என்றால் 4 இலட்சத்து 20 ஆயிரம். பன்னிரண்டால் பிரித்தால் மாதம் 35,000. நாங்கள் கட்டுவது 37,306. ஆகவே முதல் மாதம் 35,000 வட்டிக்குப் போய்விட, முதலில் கழிவது வெறும் 2,306 ரூபா. அடுத்த மாதம் முதல் அந்தளவு குறைந்திருப்பதால் வட்டி 34,973. கழிவது 2,333. இப்படி மாதா மாதம் ஒரு சில பத்து ரூபாவால்தான் முதலுக்குப் போகும் பங்கு கூடுகிறது. கடனில் சரிபாதி, அதாவது பதினைந்து இலட்சம், கழிந்து முடிய எத்தனை வருடம் என்று கணக்குப் போட்டேன். பத்து வருடம் என்று நீங்கள் நினைப்பீர்கள், நானும் நினைத்தேன். வட்டி 14 வீதத்திலேயே நின்றிருந்தாலும் பதினைந்து வருடமும் ஐந்து மாதமும் தாண்ட வேண்டும். கடைசி நாலரை வருடத்தில்தான் மற்றப் பாதி மளமளவென்று கழிகிறது.

அம்மா கேட்ட முழுக் கணக்கையும் அன்றிரவுதான் போட்டேன். 37,306 தர 240 மாதம். 89 இலட்சத்து 53 ஆயிரத்து 440 ரூபா. முப்பது இலட்சம் வாங்கி, ஏறத்தாழ அறுபது இலட்சம் வட்டி. அதுவும் வட்டி உயராமல் இருந்தால்.

காலத்தை நீட்டினால் என்ன?

வங்கியில் கடன் பிரிவில் இருந்த உத்தியோகத்தர் ஓர் இளம் பெண். மரியாதையாகத்தான் கதைத்தா. "கஷ்டம் எண்டால் காலத்தை நீட்டித் தரலாம் அக்கா. இருக்கிற பதினைஞ்சு வருஷத்தை இருபத்தைஞ்சாக்குவம்" என்றா. காலம் கூடினால் தவணை நன்றாகக் குறையும் என்று எண்ணி நானும் சந்தோசப்பட்டேன். கணக்குப் போட்டுக் காட்டச் சொன்னேன். கணினியில் தட்டினா. தவணை 56,173 ரூபா. பத்து வருடம் கூட்டிக் குறைந்தது 1,485 ரூபா!

ஏன் என்று அங்கேயே கேட்டேன். 24 வீதத்தில் எங்கள் மீதிக்கு மாத வட்டி மட்டும் 56 ஆயிரம் வருகிறது. காலத்தை நூறு வருடமாக்கினாலும் அதற்குக் கீழே தவணை இறங்க முடியாது. எங்கள் பழைய தவணையான 37,306 ரூபா வட்டிக்கே போதாது. அதைத் தொடர்ந்து கட்டினால் கடன் குறையாது, மாதம் பதினெட்டாயிரத்துக்கு மேல் வளரும்.

வட்டி குறைவாக இருக்கும் காலத்திலும் காலநீட்டிப்பு இப்படித்தான் ஏமாற்றும். எங்கள் முப்பது இலட்சத்தையே எடுத்துக்கொள்ளுங்கள், 14 வீத வட்டியில். இருபது வருடத்துக்குப் பதில் இருபத்தைந்து வருடம் எடுத்திருந்தால் தவணை 36,113. மாதம் 1,193 ரூபாதான் மிச்சம். ஆனால் மொத்தமாகக் கட்டுவது 108 இலட்சத்துக்கு மேல், பத்தொன்பது இலட்சமளவு கூட. மாறாகப் பதினைந்து வருடத்துக்கு எடுத்திருந்தால் தவணை 39,952. மாதம் 2,646 ரூபா கூட, மொத்தத்தில் பதினேழரை இலட்சம் குறைவு. பத்து வருடம் என்றால் தவணை 46,580. அது எங்களால் முடிந்திராது. ஆனால் மாதம் இரண்டாயிரத்து அறுநூறு முடிந்திருக்கும். கலியாண வீடுகளுக்கு மொய் வைப்பதைச் சுருக்கியே அதைக் கட்டியிருப்போம். அந்த வித்தியாசத்தைக் கையெழுத்து வைக்கும் நாளில் யாராவது ஒரு துண்டுக் கடதாசியில் எழுதிக் காட்டியிருந்தால் என்று இப்போதும் மனம் ஆறுவதில்லை.

மாறும் வட்டி பற்றியும் ஒரு வார்த்தை. வங்கிகள் தங்கள் முதல்தர வாடிக்கையாளருக்குக் கொடுக்கும் குறுங்காலக் கடன்களின் சராசரி வட்டியை மத்திய வங்கி வாரந்தோறும் வெளியிடுகிறது. எங்கள் வட்டி அதோடு இத்தனை வீதம் கூட்டி என்றுதான் ஒப்பந்தத்தில் சின்ன எழுத்தில் இருந்தது. 2021இல் அந்தச் சராசரி 6 வீதத்தை அண்டி இருந்தது. அப்போது மாறும் வட்டிக்கு எடுத்தவர்கள் எங்களைப் பார்த்துப் பரிதாபப்பட்டார்கள். 2022 முடிவதற்குள் அது 25 வீதத்தையும் தாண்டிவிட்டது. எது நல்லது, நிலையான வட்டியா மாறும் வட்டியா என்று என்னைக் கேட்டால், மாறும் வட்டிக்கு எடுப்பவர் வட்டி பத்து வீதம் கூடினாலும் கட்ட முடியுமா என்று ஒருமுறை போட்டுப் பார்த்துவிட்டு எடுக்க வேண்டும் என்பேன். போட்டுப் பார்த்தால் பலர் கொஞ்சம் சின்ன வீடாகக் கட்டுவார்கள். நாங்கள் மூன்றாவது அறையை விட்டிருப்போம்.

காப்பும் அட்டியலும்

கட்டாமல் விட்டால் என்ன நடக்கும் என்று விசாரித்தோம். 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டத்தின்படி, பெரிய கடன்களுக்கு வங்கியின் பணிப்பாளர் சபை தீர்மானம் எடுத்தாலே போதும், நீதிமன்றம் போகாமல் ஈட்டுச் சொத்தைப் பகிரங்க ஏலத்தில் விற்கலாம். பத்திரிகையில் வரும் ஏல அறிவித்தல்களில் பல இந்த வகைதான். ஒரு குறித்த தொகைக்குக் குறைந்த கடன்களை அந்தச் சட்டம் தொடாது, வங்கி வழக்குப் போட்டுத்தான் வர வேண்டும் என்று சட்டத்தரணி ஆறுதல் சொன்னார். ஆறுதலாக இருக்கவில்லை. வழக்காளி பெயருக்குக் கீழே என் பெயரையும் அம்மாவின் காணியையும் வைத்து யோசிக்கவே முடியவில்லை.

ஊரில் வேறு வழிகளும் சொன்னார்கள். ஒரு நிதிக் கம்பனியில் 12 வீதத்துக்குத் தருகிறார்கள், அதை எடுத்து இதை அடை என்றார் ஓர் உறவினர். விசாரித்தால் அது நேர்வட்டி. ஒரு இலட்சம் எடுத்தால் இரண்டு வருடத்துக்கு 24 ஆயிரம் வட்டியைக் கூட்டி இருபத்துநாலால் பிரிப்பார்கள். நீங்கள் மாதா மாதம் முதலைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டே வந்தாலும் கடைசி மாதம்வரை முழு இலட்சத்துக்கும் வட்டி. வங்கிக் கணக்கு முறையில் பார்த்தால் அது 21 வீதத்துக்கு மேல். "வட்டி எத்தனை?" என்று கேட்பதோடு, "குறைந்து செல்லும் மீதிக்கா, முழுத் தொகைக்கா?" என்றும் கேளுங்கள். இந்த ஒரு கேள்விக்குப் பதில் சொல்லத் தடுமாறுகிற இடத்தில் கையெழுத்து வைக்க வேண்டாம்.

கடைசியில் என் காப்புச் சோடியும் அட்டியலும் போயின. நாலு பவுண். அடகு வைக்கவில்லை, அடகுக்கும் வட்டிதான். விற்றோம். பவுண் விலை அந்த வருடம் ஏறிப்போய் இருந்ததால் ஆறு இலட்சத்துக்குச் சற்று மேல் கிடைத்தது. அந்த ஆறு இலட்சத்தையும் முதலிலே கட்டக் கேட்டபோது, முன்கூட்டிக் கட்டுவதற்கு 3 வீதக் கட்டணம் என்றார்கள். 18,000 ரூபா. எங்கள் காசை அவர்களுக்குக் கொடுப்பதற்கு எங்களிடமே கட்டணமா என்று கணவருக்குக் கோபம். ஆனால் ஆறு இலட்சத்துக்கு 24 வீதத்தில் மாத வட்டி 12,000. ஒன்றரை மாதத்தில் அந்தக் கட்டணம் திரும்பிவிடும். கட்டினோம். தவணை 57,658இலிருந்து 45,308க்கு இறங்கியது. அதையும் மூச்சுப் பிடித்துத்தான் கட்டினோம். மாலையில் நான் இரண்டு கடைகளுக்குக் கணக்கெழுதினேன். மூத்த மகளின் ரியூசன் ஒன்றை நிற்பாட்டினோம். அவள் அதைப் பற்றி ஒன்றும் சொல்லவில்லை, சொல்லியிருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

அந்த ஒரு வருடத்தில் 5 இலட்சத்து 43 ஆயிரம் கட்டி, முதலில் கழிந்தது 17 ஆயிரம்.

பவுண் விலை அதன்பிறகு இரண்டு மடங்காகிவிட்டது. அம்மா சில வேளை அதைச் சொல்லிக் காட்டுவார். எனக்கும் மனவருத்தம் இல்லாமல் இல்லை. கை வெறுமையாகக் கலியாண வீட்டுக்குப் போவது பழகிப் போயிற்று.

2023 நடுப்பகுதியிலிருந்து மத்திய வங்கி வட்டியைக் குறைக்கத் தொடங்கியது. இங்கே ஒன்றைக் கவனித்தேன். வட்டி கூடும்போது கடிதம் தானாக வந்தது. குறையும்போது ஒன்றும் வரவில்லை. ஆறு மாத மீளாய்வு ஒப்பந்தத்தில் இருக்கிறதே என்று நானே எழுத்தில் கேட்டேன், கேட்டதற்கு ஒரு பிரதியில் முத்திரை குத்தி வாங்கினேன். 18 வீதம் ஆயிற்று. 2024 தொடக்கத்தில் மறுபடி எழுதினேன். 14 வீதம் ஆயிற்று. அப்போது தவணையைக் குறைத்துத் தருகிறோம் என்றார்கள். வேண்டாம், 45,308ஐயே கட்டுகிறோம், மிச்சத்தை முதலிலே கழியுங்கள் என்றோம். அந்தக் கணக்குப்படி, வட்டி 14 வீதத்தில் நின்றாலே 2029 கடைசியில் கடன் முடியும். முதல் ஒப்பந்தப்படி முடிய வேண்டியது 2037இல்.

இதே வேலையைத் தொடக்கத்திலேயே செய்திருந்தால் நகை விற்கத் தேவையில்லை என்பதுதான் வயிற்றெரிச்சல். முதல் மாதத்திலிருந்து தவணையோடு மூவாயிரம் ரூபா கூடக் கட்டியிருந்தால், 14 வீதத்தில் இருபது வருடக் கடன் பதினாலு வருடம் ஏழு மாதத்தில் முடியும். பத்தொன்பது இலட்சம் ரூபா வட்டி மிச்சம். தொடக்க வருடங்களில் கூடக் கட்டும் ஒவ்வொரு ரூபாவும் நேரே முதலைத்தான் வெட்டுகிறது. ஆனால் கட்டும்போது "இது முதலுக்கு" என்று எழுத்தில் கொடுக்க வேண்டும். இல்லாவிட்டால் அடுத்த மாதத் தவணைக்கு முற்பணமாகப் போட்டுவிடுவார்கள். எங்களுக்கு ஒருமுறை அப்படி நடந்தது.

ஆயுட்காப்புறுதி விடயத்திலும் நாங்கள் அரைகுறையாகத்தான் இருந்தோம். கடன் எடுத்தவர் இறந்தால் மீதியைக் காப்புறுதி கட்டும் என்று நிம்மதியாக இருந்தோம். பத்திரத்தை எடுத்துப் பார்த்தால், காப்புறுதித் தொகை வருடா வருடம் ஓர் அட்டவணைப்படி குறைந்துகொண்டு போகிறது. அந்த அட்டவணை 14 வீத வட்டியில் போட்டது. வட்டி ஏறிக் கடன் மெதுவாகக் கழிந்தாலோ, காலத்தை நீட்டினாலோ, கடன் மீதி ஒரு பக்கம் நிற்கும், காப்புறுதி அதற்குக் கீழே இறங்கிவிடும். இடைவெளியை யார் கட்டுவது? மனைவிதான். அதுவும் காப்புறுதி கணவரின் உயிருக்கு மட்டும்தான் இருந்தது. வீட்டுச் செலவில் பாதி என் சம்பளம், எனக்கு ஒன்று நடந்தால் என்ன செய்வதென்று ஒருவரும் கேட்கவில்லை. இப்போது இருவருக்கும் எடுத்திருக்கிறோம்.

இத்தனையும் எழுதியதைப் பார்த்துக் கடனே எடுக்கக் கூடாது என்று நான் சொல்வதாக எண்ண வேண்டாம். 2017இல் ஒரு மூடை சீமெந்து ஆயிரம் ரூபாவுக்குள் இருந்தது. 2022இல் மூவாயிரத்தையும் தாண்டியது. காசு சேர்த்துவிட்டுக் கட்டுவோம் என்று இருந்திருந்தால் இன்றைக்கும் நாங்கள் வாடகை வீட்டில்தான். பணவீக்கம் 2022 செப்ரெம்பரில் 69.8 வீதத்துக்குப் போனபோது, எங்கள் வங்கிப் புத்தகத்தில் கிடந்த காசு உருகியது, வீடு உருகவில்லை. மழைக்கு ஒழுகாத கூரைக்கு ஒரு விலை உண்டு, அதைக் கொடுக்கத்தான் வேண்டும். என் ஆதங்கம், அந்த விலையைத் தெரிந்துகொண்டு கொடுக்கவில்லை என்பதுதான். சேமலாப நிதியில் இருப்பதைப் பிணையாக வைத்து வீட்டுக் கடன் எடுக்கும் சகோதரிகளுக்கும் இதையே சொல்வேன். அதில் தவணை தவறினால் போவது உங்கள் முதுமைக் காலத்துச் சோறு.

எங்கள் சங்கத்தில் வேலை செய்யும் ஒரு தங்கச்சி போன மாதம் வீட்டுக் கடன் படிவத்தோடு வந்தாள். "அக்கா, தவணை கட்டக்கூடிய மாதிரித்தான் இருக்கு" என்றாள். மொத்தம் எவ்வளவு, வட்டி ஏறினால் எவ்வளவு, முன்கூட்டிக் கட்டினால் கட்டணம் எவ்வளவு, மாதவாரி அட்டவணை எங்கே, இதெல்லாவற்றையும் வங்கியில் கேட்டு எழுதிக்கொண்டு வா என்று அனுப்பினேன். அட்டவணையைக் கேட்டால் கொடுக்கிறார்கள். கேட்கத்தான் வேண்டும். இரண்டு நாள் கழித்து வந்தாள். இருபத்தைந்து வருடத்தைப் பதினைந்தாக்கி, கடன் தொகையிலும் ஆறு இலட்சம் குறைத்திருந்தாள். முன்பக்க போர்ட்டிகோ பிறகு கட்டலாமாம்.

கடன் முடிந்த பிறகும் ஒரு வேலை இருக்கிறது. எங்கள் உறவில் ஒருவர் பல வருடத்துக்கு முன்பே கடனைக் கட்டி முடித்து, உறுதியையும் வாங்கிப் பெட்டியில் வைத்துவிட்டார். மகளுக்குச் சீதனம் எழுதப் போனபோதுதான் காணிப் பதிவகத்தில் அந்த ஈடு அப்படியே பதிவில் கிடப்பது தெரிந்தது. ஈட்டு விடுவிப்பை எழுதிப் பதிவு செய்ய மறந்துபோனார்கள். பதிவிலிருந்து அதை நீக்குவதற்கு அலைந்து அலைந்து, கலியாணத் திகதியே தள்ளிப் போயிற்று.

அதனால் எங்கள் கடன் கோவையில் ஒரு கடித உறை தனியாக இருக்கிறது. விடுவிப்பு எழுதவும் பதியவும் வேண்டிய சட்டத்தரணிச் செலவுக்காக மாதம் ஐந்நூறு ரூபா அதில் போடுகிறேன். அம்மாவுக்கு இப்போது எண்பத்தொரு வயது. பின்னேரங்களில் விறாந்தையில் இருந்து நான் கணக்குப் பார்ப்பதைப் பார்த்துக்கொண்டிருப்பார்.

"இன்னும் எத்தனை?" என்று கேட்பார்.

இப்போது நான் மாதக் கணக்குச் சொல்வதில்லை. மீதி முழுவதையும் சொல்கிறேன்.